கடைசி இருபத்தெட்டுப் பக்கங்கள்

என்னிடம் இருப்பதிலேயே பழைய பேப்பர்பேக் நாவல் ஒன்றை போன மாதம் பைண்டிங்குக்குக் கொடுத்து வாங்கினேன். முதுகுப் பசை காய்ந்து கடைசி இருபத்தெட்டுப் பக்கங்கள் கழன்றுவிட்டன. பதினோரு வருடங்களாக அவை தனியாக ஒரு காகித உறையில் கிடந்தன. இடையில் அந்த நாவலை நான்கைந்து முறை படித்திருப்பேன், ஒரு முறைகூட உறையைத் திறக்கவில்லை. முடிவுதான் தெரியுமே என்று விட்டுவிடுவேன். இப்போது எல்லாம் ஒன்றாகச் சேர்ந்து உறுதியான அட்டையோடு கைக்கு வந்ததும் முதல் வரியிலிருந்து கடைசி வரி வரை படித்தேன். முடிக்கும்போது ராத்திரி ஒரு மணி. கோபத்தில் தூக்கம் வரவில்லை.

அதே வாரம் தோழி ஒருத்தி கேட்டாள்: "இருபது வருஷமா இதையே படிக்கிறே. தனியா ஒரு பொண்ணு, பெரிய வீடு, ஒரு கொலை, ஒரு காதல். நானும் படிக்கலாம்னு பார்க்கிறேன். நல்லா இருக்குமா?" அவளுக்குச் சொல்ல நினைத்ததைத்தான் இங்கே எழுதுகிறேன்.

இந்த மர்மக் காதல் நாவல்களில் கதை எப்படிப் போகும் என்பது உங்களுக்கும் தெரியும். வேலைக்காகவோ விடுமுறைக்காகவோ ஒரு பெண் தெரியாத இடத்துக்கு வருகிறாள். அங்கே எதுவோ சரியில்லை. இரண்டு ஆண்கள் இருப்பார்கள், அதில் ஒருவனை நம்பக்கூடாது. அட்டைப்படம் இன்னும் பிரபலம். 1960களில் வந்த ஆங்கில பேப்பர்பேக்குகளில் இருண்ட மாளிகை, மாடியில் ஒரே ஒரு ஜன்னலில் மட்டும் வெளிச்சம், முன்னால் தலைவிரி கோலமாக ஓடி வரும் பெண் என்று ஒரே படத்தைத்தான் திரும்பத் திரும்பப் போட்டார்கள். உள்ளே கதை வேறு மாதிரி இருக்கும். அந்த ஜன்னலில் ஏன் விளக்கு எரிகிறது என்று பார்க்க அவள் மாடி ஏறிப் போவாள்.

நான் இத்தனை வருடம் இந்த நாவல்களை விடாமல் படிப்பது அதற்காகத்தான். இவற்றில் காதலைவிட, பயத்தைவிட, அவள் பார்க்கிற பார்வை எனக்குப் பிடிக்கும். வந்த அன்றே எந்தக் கதவு பூட்டியிருக்கிறது, யார் கேள்விக்கு நேராகப் பதில் சொல்லவில்லை, எந்த நாற்காலி இடம் மாறியிருக்கிறது என்பதெல்லாம் அவள் கண்ணில் பட்டுவிடும். அதோடு அவளுக்கு ஒரு தொழில் இருக்கும், அந்தத் தொழில்தான் அவளுக்குக் கண்ணைக் கொடுத்திருக்கும். ஆங்கில நாவலாசிரியர் மேரி ஸ்டூவர்ட் 1958-இல் எழுதிய 'நைன் கோச்சஸ் வெய்ட்டிங்' நாவலில் லிண்டா மார்ட்டின் பிரான்ஸில் ஒரு மாளிகைக்குக் கவர்னஸாக, அதாவது வீட்டோடு தங்கிப் பையனுக்குப் பாடம் சொல்லும் ஆசிரியையாகப் போகிறாள். அவள் தாய் பிரெஞ்சுக்காரி, மொழி அவளுக்கு நன்றாகத் தெரியும். ஆனால் ஆங்கிலேயப் பெண்தான் வேண்டும் என்று கேட்டதால் பிரெஞ்சு தெரியாதவள் போல நடித்து வேலையில் சேர்கிறாள். எதிரில் இருப்பவர்கள் பேசுவது புரிந்தும் புரியாத முகத்தோடு உட்கார்ந்திருக்க வேண்டும். அந்தப் பக்கங்களைப் படிக்கும்போது நம் முகத்தையும் நாம் அடக்கிக்கொள்கிறோம்.

அவரே 1965-இல் எழுதிய 'ஏர்ஸ் அபவ் தி கிரவுண்ட்' நாயகி வெனெஸ்ஸா ஒரு கால்நடை மருத்துவர். கணவனைத் தேடி ஆஸ்திரியாவுக்குப் போகிறவள், வழியில் ஒரு சர்க்கஸில் காயம்பட்ட வயதான குதிரைக்கு அறுவை சிகிச்சை செய்கிறாள். அந்தக் குதிரை உண்மையில் யார் என்பதுதான் அந்தக் கதையின் பெரிய சந்தோஷம், அதை நான் சொல்ல மாட்டேன். அவள் மருத்துவராக இல்லாமல் இருந்திருந்தால் அந்தக் கதையே நகர்ந்திருக்காது.

வேலைக்காக முதல்முறை தனியாகத் தங்கியபோது எனக்கு இந்தப் பெண்கள்தான் துணை. ஒரே ஒரு பெட்டியோடு தெரியாத வீட்டு வாசலில் நிற்கிற ஒருத்தியைப் பற்றிப் படித்துவிட்டுப் படுத்தால், என் அறையின் இருட்டு கொஞ்சம் பழகினதாகத் தெரியும். அந்த நன்றி எனக்கு இன்றும் இருக்கிறது. அதனால்தான் இந்தக் கோபமும்.

கோபம் என்ன என்றால், மயக்கம்.

இந்த நாவல்களில் கடைசிக்கு முந்தின அத்தியாயத்தில் நாயகிக்கு எல்லாம் புரிந்துவிடும். யார் செய்தது, ஏன் செய்தது என்று அவளே கண்டுபிடித்துவிடுவாள். அப்போது தலையில் ஓர் அடி விழும். அல்லது பாறையில் கால் சறுக்கும். அல்லது குடித்த பாலில் ஏதோ கலந்திருக்கும். கண் விழித்தால் ஒரு சோபா, மேலே ஒரு கம்பளி, யாரோ சூடாக எதையோ குடிக்கக் கொடுப்பார்கள். எதிரில் நாயகன் உட்கார்ந்து, என்ன நடந்தது என்று அவளுக்குச் சொல்வான். என் அலமாரியில் பாதிக்கு மேல் இப்படித்தான் முடிகிறது. முந்நூறு பக்கம் அவள் கண்ணால் பார்த்துக்கொண்டு வந்த நாம், உச்சக்கட்டத்தை மட்டும் அவன் வாயால் கேட்கிறோம்.

பைண்ட் செய்த நாவலில் இது இன்னும் மோசம். அதன் நாயகி ஒரு பழைய வீட்டு நூலகத்துக்குப் பட்டியல் தயாரிக்க வந்தவள். காகிதமும் மையும் அவளுக்கு அத்துபடி. உயில் எழுதப்பட்டதாகச் சொல்லும் தேதிக்கும் அந்தக் காகிதத்துக்கும் பொருந்தவில்லை என்பதை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்து, காகிதத்துக்குள்ளேயே பதிந்திருக்கும் நீர்க்குறியை (வாட்டர்மார்க்) பார்த்துக் கண்டுபிடிக்கிறாள். அந்த நூற்று நாற்பதாவது பக்கத்தை எத்தனை முறை படித்தாலும் எனக்குக் கை சில்லென்று ஆகும். அப்புறம் அந்த இருபத்தெட்டுப் பக்கங்கள் வருகின்றன. அடி, மயக்கம், சோபா. அவன் அவளிடம் நீர்க்குறி என்றால் என்ன என்று விளக்குகிறான்! அவள் தலையாட்டிக் கேட்டுக்கொள்கிறாள். பதினோரு வருடம் அந்தப் பக்கங்கள் இல்லாமலே அந்த நாவலை நான் நேசித்தேன் என்பது அப்போதுதான் எனக்குப் புரிந்தது.

சரி, எழுதியவர்கள் பக்கத்தையும் பார்க்க வேண்டும். பெரும்பாலும் கதை 'நான்' என்று அவளே சொல்வது. அவள் இல்லாத இடத்தில் நடந்ததை வேறு யாராவதுதான் சொல்லியாக வேண்டும். அதைவிடப் பெரிய காரணம் ஒன்று இருக்கிறது. இந்த வகையில் காதலிக்கப்படுகிறவன் மேல்தான் சந்தேகமும் விழும். அமெரிக்க எழுத்தாளர் ஜோனா ரஸ் 1973-இல் இந்த நாவல்களைப் பற்றி எழுதிய கட்டுரைக்கு வைத்த தலைப்பே, யாரோ என்னைக் கொல்லப் பார்க்கிறார்கள், அது என் கணவன்தான் என்று நினைக்கிறேன் என்ற பொருளில் வரும். அப்படி முந்நூறு பக்கம் சந்தேகப்பட வைத்தவனை ஒரே அத்தியாயத்தில் நல்லவனாக்க வேண்டும். அதற்கு மிகச் சுலபமான வழி, அவள் சாகப் போகிற நேரத்தில் அவனை ஓடி வர வைப்பது. அந்தக் காப்பாற்றல் நடப்பது அவன் மேல் இருக்கும் கறையைத் துடைப்பதற்காக. அதற்கு அவள் கீழே விழுந்து கிடக்க வேண்டியிருக்கிறது. இது புரிந்த பிறகு எழுதியவர்கள் மேல் எனக்குக் கோபம் குறைந்தது, அந்த அத்தியாயத்தின் மேல் குறையவில்லை.

ஏனென்றால் இதை வேறு மாதிரி செய்ய முடியும் என்று ரொம்ப காலம் முன்பே காட்டியிருக்கிறார்கள். 1847-இல் வந்த 'ஜேன் ஐர்' நாயகி, எரியும் படுக்கையில் தூங்குகிறவன் மேல் தண்ணீரைக் கொட்டித் தானே காப்பாற்றுகிறாள். லிண்டாவையே எடுத்துக்கொள்ளுங்கள். அவள் பார்த்துக்கொள்ளும் ஒன்பது வயதுப் பையனின் உயிருக்கு ஆபத்து என்று தெரிந்ததும், காதலிக்கிறவனைக்கூட நம்ப முடியாத நிலையில், ராத்திரியோடு ராத்திரியாகப் பையனைக் கூட்டிக்கொண்டு அவளே கிளம்புகிறாள்.

மயக்கத்தையே எடுத்துக்கொண்டாலும் ஆங்கில நாவலாசிரியர் வில்கி காலின்ஸ் செய்ததைப் பாருங்கள். 'தி வுமன் இன் வைட்' 1859, 1860-இல் தொடராக வந்தது. அதில் மேரியன் ஹால்கம்ப் கனமான உள்பாவாடைகளைக் களைந்துவிட்டு, கறுப்பு மேலங்கி ஒன்றைப் போட்டுக்கொண்டு, நள்ளிரவில் ஜன்னல் வழியாக வராந்தாக் கூரையில் இறங்குகிறாள். கீழே இரண்டு பேர் தன் சகோதரிக்கு எதிராகச் சதி பேசுவதை மழையில் நனைந்துகொண்டே முழுவதும் கேட்கிறாள். திரும்பி வந்து நாட்குறிப்பில் எழுதுகிறாள். காய்ச்சல் ஏறுகிறது, எழுத்து தடுமாறி நின்றுபோகிறது. அடுத்த பக்கத்தைப் புரட்டினால் கையெழுத்து வேறு. அவள் நினைவில்லாமல் கிடக்கும்போது வில்லன் ஃபோஸ்கோ அந்த நாட்குறிப்பைப் படித்துவிட்டு, அவளைப் பாராட்டி அதிலேயே எழுதி வைத்திருக்கிறான். முதல்முறை படித்தபோது புத்தகத்தை மூடிவிட்டு எழுந்து கதவைத் தாழிட்டேன். அவள் வாயிலிருந்து கதை பறிபோவது எவ்வளவு பெரிய கொடுமை என்று காலின்ஸுக்குத் தெரிந்திருக்கிறது. அதை ஒரு குற்றமாகவே காட்டுகிறார். குணமான பிறகு சகோதரியை மனநோய் விடுதியிலிருந்து வெளியே கொண்டுவருவதும் மேரியன்தான். ஆனாலும் ஃபோஸ்கோவிடம் வாக்குமூலம் வாங்கும் வேலை ஓவிய ஆசிரியர் வால்டருக்குத்தான் போகிறது. அதில் எனக்கு வருத்தம் உண்டு.

பார்பரா மெர்ட்ஸையும் சொல்ல வேண்டும். 1952-இல் சிகாகோ பல்கலைக்கழகத்தில் எகிப்தியவியலில் முனைவர் பட்டம் வாங்கியவர். தன் இரண்டு குழந்தைகளின் பெயர்களைச் சேர்த்து எலிசபெத் பீட்டர்ஸ் என்ற புனைபெயரில் அவர் எழுதிய நாவல்களின் நாயகி அமேலியா பீபாடி 1975-இல் வந்தாள். கையில் குடை, வாயில் ஓயாத பேச்சு. தனக்குத் தெரிந்ததை வேறொருவன் விளக்க அவள் விடவே மாட்டாள். மனது சரியில்லாத நாட்களில் நான் எடுப்பது அவளைத்தான்.

ஆக, நல்லவை இருக்கின்றன, நிறையவே இருக்கின்றன. இருந்தும் தோழியிடம் வேண்டாம் என்றுதான் சொன்னேன். இருபது வருடத்தில் இந்தப் பெண்கள் எனக்குக் கொடுத்ததை நான் குறைத்துச் சொல்லவில்லை. ஆனால் ஒருத்தி தன் கண்டுபிடிப்பையே இன்னொருவன் சொல்லக் கேட்டு நன்றி சொல்கிற பக்கத்தை அப்போதுதான் படித்து முடித்திருந்தேன். அந்த மனநிலையில் யாரையும் இதற்குள் இழுக்க எனக்கு மனம் வரவில்லை.

அவள் கேட்கவில்லை. மேசை மேல் இருந்த புத்தகத்தை, அதுவும் புது பைண்டிங் போட்டதையே, எடுத்துக்கொண்டு போய்விட்டாள். முந்தாநாள் ராத்திரி போன் செய்தாள். "அந்தக் காகிதத்தை வெளிச்சத்துல பிடிச்சுப் பார்க்கிறா" என்றாள். குரலைத் தாழ்த்தித்தான் பேசினாள், அவள் வீட்டில் யாரும் இல்லாதபோதும். அந்தப் பக்கத்தை இன்னொரு முறை படி என்றேன். கடைசி அத்தியாயம் தொடங்குவதற்கு முன்னால் எனக்கு ஒரு போன் பண்ணு என்றும் சொல்லி வைத்திருக்கிறேன்.