பழைய புத்தகக் கடையில் ஒரு உயர்ஸ்தானிகர்

மட்டக்களப்பில், கல்லடிப் பாலத்துக்குப் போகும் வழியிலுள்ள சிறிய பழைய புத்தகக் கடையொன்றில், சஞ்சிகைக் கட்டுரைகளை ஆள்வாரியாகக் கட்டி விற்கிறார்கள். நான் வாங்கியது இந்தியப் பத்திரிகையாளர் குல்தீப் நய்யாரின் கட்டு. பின்னாளில் இந்தியப் பிரதமரான லால் பகதூர் சாஸ்திரியிடம் தகவல் அதிகாரியாகப் பணியாற்றியவரும், 1966 ஜனவரியில் சாஸ்திரி தாஷ்கண்டில் இறந்தபோது அங்கே இருந்தவருமான அவர், இந்திரா காந்தியின் நெருக்கடிநிலைக் காலத்தில் சிறைசென்று, 1990இல் லண்டனில் இந்திய உயர்ஸ்தானிகரானார். ஒருவரின் சொல்லைச் சுமந்து பழகியவருக்கு ஒரு நாட்டின் சொல்லைச் சுமப்பது எளிதாயிருந்ததோ, என்னவோ. கட்டுரைத் தெரிவு சிறப்பு, விலையும் நியாயமே. ஆனால் பல நறுக்குகளில் திகதியையே வெட்டியெறிந்திருப்பது பொறுக்க முடியாத குறை. வாங்குமுன் கட்டை அவிழ்த்துப் பார்க்க அனுமதிக்கிறார்கள், கட்டாயம் பாருங்கள்.