1800 ரூபாய்க்கு ஆழ்கடற் பூனைச்சுறா வறை

நல்லூர்க் கந்தசுவாமி கோயில் திருவிழாக் கொடி இறங்கிய மறுவாரம், 25 நாள் மரக்கறிச் சாப்பாட்டை முடித்த சனம் மீன் சட்டியைத் தேடி அலையும் நேரத்தில், யாழ். நகரத்துக் கடலுணவுக் கடையொன்றின் வாசற்பலகை என்னை மறித்தது. ‘இன்றைய விசேடம்: அரிய ஆழ்கடற் பூனைச்சுறா வறை, 1800 ரூபா’ என்று வெண்கட்டியால் எழுதியிருந்தார்கள். அதற்குக் கீழேயே ‘சுறா வறை, 900 ரூபா’ என்றும் இருந்தது. 30 வருடம் விலங்கியல் படிப்பித்தவனுக்கு இந்த இரண்டு வரிகளையும் கடந்து போக மனம் வரவில்லை. கடையின் பெயரை எழுதப்போவதில்லை. சமைத்த கைக்கு அது அநியாயமாகிவிடும்.

சாப்பாட்டை முதலில் சொல்லிவிடுகிறேன். குத்தரிசிச் சோறு, சொதி, முருங்கையிலைச் சுண்டல், நடுவில் ஒரு குவியல் வறை. சுறா என்பது தன் இரத்தத்திலும் தசையிலும் யூரியாவைத் தேக்கி வைத்துக் கடலின் உப்பைச் சமாளிக்கிற பிராணி. அது செத்த பின்னர் பற்றீரியாக்கள் அந்த யூரியாவை அமோனியாவாக மாற்றத் தொடங்கிவிடும். ஆகையால் மீன் பழசாக இருந்தாலோ, அவித்த தண்ணீரை ஒட்டப் பிழியாமல் விட்டாலோ, எவ்வளவு தேங்காய்ப்பூப் போட்டாலும் அந்த நெடி மூக்கில் ஏறும். இங்கே அது துளியும் இல்லை. மஞ்சளும் உப்பும் போட்டு அளவாக அவித்து, அரம் போன்ற தோலைச் சுத்தமாக உரித்து, குருத்தெலும்பை எடுத்து, பூப்போல உதிர்த்திருந்தார்கள். செத்தல் மிளகாயும் பெருஞ்சீரகமும் வெங்காயமும் பொன்னிறமாகத் தாளிபட்டிருந்தன. பிள்ளை பெற்ற வீடுகளில் தாய்க்கென்று பால் சுறாவை வறுக்கிற பக்குவம் அது.

ஆனால் இது பூனைச்சுறாதானா?

பரிமாறிய இளைஞரிடம் கேட்டேன். “ஐயா, இது ஆயிரம் மீற்றர் ஆழத்திலை இருந்து வாறது, லேசிலை கிடைக்காது” என்றார். ஆழத்தில் வாழும் பூனைச்சுறாக்கள் வங்காள விரிகுடாப் பக்கம் இருப்பது உண்மையே. இன்வெஸ்ரிகேற்றர் என்ற அளவைக் கப்பலின் இயற்கையியலாளரான அல்கொக், சொரசொரத்த தோலையுடைய ஒரு சிறு இனத்தை 1891இல் விவரித்தார். அதே கப்பலின் பெயரைத் தாங்கிய இன்னோர் இனத்தை 1962இல் மிஸ்ரா விவரித்தார். அந்தமான் கடலில் ஏறத்தாழ 1000 மீற்றர் ஆழத்தில் அகப்பட்டது அது. இந்த உயிரினங்கள் ஒரு முழம்கூட நீளமில்லாதவை. பாக்கு நீரிணையை ஒட்டிய எங்கள் கடலோ பெரும்பாலும் 15 மீற்றருக்கும் குறைந்த ஆழமுள்ளது. கிழக்கே திருகோணமலைப் பக்கம் கரையை ஒட்டியே கடல் ஆழமாகிறது என்றாலும், அங்கிருந்து தினமும் ஒரு கடைக்குப் பூனைச்சுறா வருகிறதென்றால் அதை யார், எந்த வலையால் பிடிக்கிறார் என்பதைத்தான் முதலில் கேட்க வேண்டும்.

“தம்பி, வெட்டாத மீன் ஒண்டு இருந்தால் காட்டுவீரோ?” என்றேன். முகம் சுளிக்காமல் தட்டில் வைத்துக் கொண்டுவந்தார். இந்தக் கடையின் உபசரிப்புக்கு முழுப் புள்ளியும் கொடுக்கலாம்.

இரண்டடி நீளம், மண்ணிற உடல். முதல் முதுகுத் துடுப்பு இடுப்புத் துடுப்புக்கு நேரே, வாலை நோக்கித் தள்ளி நின்றது. பூனைச்சுறாவுக்கும் அப்படித்தான் இருக்கும். பலர் ஏமாறுவது இந்த இடத்திலேதான். வாயைப் பார்த்தால் விடயம் தெளிவாகிவிடும். பூனைச்சுறாவின் வாய் கண்ணுக்குக் கீழே வரை வளைந்து செல்லும். கண்ணும் பூனையின் கண்ணைப் போல நீண்டிருக்கும். தட்டில் கிடந்ததற்கு வாய் சிறியது, கண்ணுக்கு முன்னாலேயே முடிந்துவிட்டது, மூக்குத் துவாரங்களின் ஓரத்தில் மீசைபோல இரண்டு தசைத்துண்டுகள் தொங்கின. ஆங்கிலத்தில் மூங்கிற்சுறா என்ற பொருள்பட அழைக்கப்படும் இனம் அது. ஆழமற்ற கடலின் அடித்தரையில் வாழ்வது. நீரைவிட்டு எடுத்த பிறகும் நெடுநேரம் உயிரோடு கிடக்கும்.

முதலாளி சற்றுச் சூடாகி, “வெளிநாட்டு ஆக்கள் விரும்பிக் கேக்கினம்” என்றார். அது மீனின் பெயரை மாற்றுவதற்குரிய காரணமாக எனக்குத் தோன்றவில்லை. உண்மையாகவே அரிய ஆழ்கடல் இனமாக இருந்திருந்தால், அதை உணவுப் பட்டியலில் போட்டுப் பெருமைப்படுவது இன்னும் மோசமான காரியமாக இருந்திருக்கும் என்பதையும் சொன்னேன். அவர் அதைக் காதில் வாங்கவில்லை, பில்லிலும் ஒரு சதம் குறைக்கவில்லை.

மற்றவை பற்றி அதிகம் சொல்வதற்கில்லை. இடம் துப்புரவு, மின்விசிறி போதாது, ரசம் புளிப்பு.

கை கழுவப் போகையில் சமையற்கட்டு வாசலில் நின்ற அம்மாவிடம், வறை அருமை என்று சொன்னேன். எந்த வறை என்று கேட்டார். 1800 ரூபா வறை என்றேன். அவர் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்.

“ரெண்டும் ஒரே சட்டிதான் ஐயா. அடுத்த முறை மற்றதைக் கேளுங்கோ.”