பாவ்லோ குஸ்தாவோவா, ஃபாபியோ போர்ஷாவா?

பிரேசில் காமெடியில் யாரிடமிருந்து ஆரம்பிப்பது என்று கேட்டால் இந்த இரண்டு பெயர்களைத்தான் சொல்வேன். இருவரும் நடிகர்கள், தமக்கு வேண்டியதைத் தாமே எழுதிக்கொண்டவர்கள், ரியோவில் ஒரே நடிப்புப் பள்ளியில் படித்தவர்கள். ஆனால் போன பாதை வேறு.

பாவ்லோ ஒரே ஒரு பாத்திரத்தைப் பிடித்துக்கொண்டார். 2006-ல் தனியாளாக மேடையேறியபோது அவர் போட்ட வேஷம் டோனா எர்மீனியா, அசலில் அவருடைய சொந்த அம்மா தேயா லூசியாதான். தலையில் சுருள் ரோலர், வீட்டு உடை, மூச்சு விடாத திட்டு. 2013-ல் அது படமானது. பிள்ளைகள் தன்னைப் பற்றிக் குறைபட்டுக்கொள்வது காதில் விழுந்ததும் கோபித்துக்கொண்டு உறவினர் வீட்டுக்குக் கிளம்பிவிடுகிற அம்மா. (நம்ம வீட்டுக் கதைதானே!) 2016-லும் 2019-லும் அடுத்த பாகங்கள் வந்தன.

போர்ஷாவுக்கு ஒரு பாத்திரத்தில் தங்கப் பிடிக்காது. நான்கு பேரோடு சேர்ந்து 2012-ல் போர்ட்டா தோஸ் ஃபுந்தோஸ் என்ற யூடியூப் சேனலைத் தொடங்கினார். பாஸ்தாவில் என்னென்ன சேர்க்க வேண்டும் என்று யோசிக்கிற வாடிக்கையாளரை விரட்டியே கலங்கடிக்கிற கடை ஊழியராக அவர் நடித்த சின்ன வீடியோ ஒன்று உண்டு, கிண்டலடிக்கப்பட்ட ஸ்பொலேட்டோ உணவகமே கூப்பிட்டு அடுத்த பாகம் எடுக்கச் சொன்னது.

இருவரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்க 2019 டிசம்பர் போதும். போர்ட்டாவின் நெட்ஃபிளிக்ஸ் கிறிஸ்துமஸ் படத்தில் இயேசு தன் பிறந்தநாளுக்கு ஓர் ஆண் நண்பரை வீட்டுக்குக் கூட்டிவருகிறார், அந்த நண்பர் போர்ஷா. டிசம்பர் 24 அன்று அவர்கள் அலுவலகத்தில் பெட்ரோல் குண்டு விழுந்தது. இரண்டே நாளில், 26-ஆம் தேதி, பாவ்லோவின் மூன்றாம் பாகம் ரிலீஸ். அதில் எர்மீனியாவின் மகன் ஓர் ஆணைக் கல்யாணம் செய்துகொள்கிறான், அம்மா கல்யாண வேலையில் மூக்கை நுழைத்துக்கொண்டே இருக்கிறாள். ஒரு கோடிக்கும் மேலான பேர் தியேட்டரில் போய்ப் பார்த்தார்கள். ஏறக்குறைய ஒரே விஷயம்தான், ஒருவர் கோயில் வாசலில் போய்ச் சொன்னார், இன்னொருவர் அடுப்படியிலிருந்து சொன்னார்.

துணிச்சல் என்று பார்த்தால் போர்ஷாதான். சப்டைட்டிலில் பார்ப்பவருக்கும் அவர்தான் சுலபம், ஜோக் எழுத்திலேயே இருக்கிறது. பாவ்லோ பேசும் வேகத்துக்கு சப்டைட்டில் ஓடி முடியாது, பாதி சிரிப்பு வழியிலேயே கொட்டிப்போகும். ஆனாலும் என் ஓட்டு பாவ்லோவுக்கு. போர்ஷாவின் வீடியோவை நண்பரிடம் வாயாலேயே சொல்லிச் சிரிக்க வைத்துவிடலாம், எர்மீனியாவை அப்படிச் சொல்ல முடியாது, பார்த்தால்தான் உண்டு.

போர்ஷா இன்னும் எழுதுகிறார், நடிக்கிறார். பாவ்லோ 2021 மே 4 அன்று கொரோனாவில் போய்விட்டார், வயது 42. அவர் பிறந்த நிதெரோயில், இகராயி பகுதியின் ஒரு பெரிய கடைத்தெரு இப்போது அவர் பெயரில் இருக்கிறது.