மேலே ஹன்கியூ, நடுவே ஜே.ஆர்., கீழே ஹன்ஷின்: ஓசாகாவிலிருந்து கோபே போக எந்த ரயில்?

ஓசாகாவுக்கும் கோபேவுக்கும் நடுவே முப்பது கிலோமீட்டர் சொச்சம்தான் தூரம். வடக்கே ரொக்கோ மலை, தெற்கே கடல். இரண்டுக்கும் நடுவில் கிடைக்கிற ஒடுக்கமான சரிவில் மூன்று ரயில் பாதைகள் பக்கம் பக்கமாக ஓடுகின்றன. மலையடிவாரத்தில் ஹன்கியூ என்ற தனியார் கம்பெனி, நடுவில் ஜே.ஆர். (ஜப்பான் ரயில்வே, பழைய அரசு ரயிலின் வாரிசு), கடல் பக்கம் ஹன்ஷின் என்ற இன்னொரு தனியார் கம்பெனி. சில இடங்களில் மலையிலிருந்து கடலை நோக்கி அரை மணி நேரம் நடந்தாலே மூன்று தண்டவாளங்களையும் தாண்டிவிடலாம். மூன்றும் கிளம்புவது ஓசாகாவின் உமேதா வட்டாரத்திலிருந்து, போய்ச் சேருவது கோபேவின் சன்னோமியாவில்.

முதலில் எல்லோரும் கேட்கிற கேள்வி: எது வேகம்? ஜே.ஆர். அதில் விவாதமே இல்லை. ‘ஷின்-கைசொகு’ என்ற அதன் விரைவு வண்டி மணிக்கு 130 கிலோமீட்டர் வரை போகும். வழியில் அமகசாகி, அஷியா என்று இரண்டே நிறுத்தங்கள். இருபத்திரண்டு நிமிடத்துக்குள் சன்னோமியா. ஹன்கியூவின் உச்ச வேகம் 115, சுமார் 27 நிமிடம். ஹன்ஷினின் உச்ச வேகம் 106, அரை மணி நேரத்துக்குச் சற்று மேல். கட்டணத்தில் நிலைமை தலைகீழ். 2023 ஏப்ரலில் தனியார் கம்பெனிகள் இரண்டும் 330 யென் என்று வைத்தன, ஜே.ஆரில் 400 யென்னுக்கு மேல். ஐந்து, பத்து நிமிட மிச்சத்துக்கு இந்த வித்தியாசம் தகுமா என்பது அவரவர் அவசரத்தைப் பொறுத்தது.

ஜே.ஆரின் வேகத்துக்குக் காரணம் ரயில் பெட்டி மட்டுமல்ல, பாதை. 1874-இல் அரசாங்கம் போட்ட பாதை அது. இன்று அதில் நான்கு தண்டவாளங்கள். மெதுவான வண்டி ஒன்றில், வேக வண்டி இன்னொன்றில். தனியார்களுக்கு இருப்பது போக ஒன்று, வர ஒன்று. முன்னால் உள்ளூர் வண்டி நின்றால் பின்னால் வரும் எக்ஸ்பிரஸும் காத்திருக்க வேண்டியதுதான்.

இந்தச் சிக்கலை ஹன்ஷின் சமாளித்த விதம் எனக்கு மிகவும் பிடிக்கும். 1905-இல் அது தொடங்கியபோது, அரசு ரயில் பாதைக்குப் பக்கத்திலேயே போட்டிப் பாதை போட அரசு எளிதில் விடாது என்ற நிலை. அதனால் ‘இது ரயில் இல்லை, டிராம்’ என்று சட்டத்தின் வேறு கதவு வழியாக உள்ளே நுழைந்தார்கள். டிராம் என்றால் சாலையில் ஓட வேண்டுமே? எங்கோ கொஞ்ச தூரம் சாலையில் ஓடினால் போதும் என்று அதிகாரிகளும் தாராளமாக அர்த்தம் சொன்னார்கள். டிராம் என்பதால் ஊருக்கு ஊர் நிறுத்தம். இன்றும் 32.1 கிலோமீட்டரில் 33 நிலையங்கள். ஒரு நிலையத்தின் நடைமேடையிலிருந்து அடுத்த நிலையம் கண்ணுக்குத் தெரிகிற இடங்கள்கூட உண்டு.

இத்தனை நிறுத்தங்களை வைத்துக்கொண்டு எக்ஸ்பிரஸுக்கு எப்படி வழிவிடுவது? 1958-இல் ‘ஜெட் கார்’ வந்தது. பெயரைக் கேட்டு அதிவேக வண்டி என்று நினைத்துவிடாதீர்கள். எல்லா நிலையத்திலும் நிற்கும் சாதா உள்ளூர் வண்டிதான். ஆனால் கிளம்பினால் நொடிக்கு நொடி மணிக்கு நாலு கிலோமீட்டர் வீதம் வேகம் ஏறும். மற்ற நகர ரயில்களில் பொதுவாக இரண்டரை, மூன்று. கதவு மூடியதும் பிடி இல்லாமல் நிற்பவர் ஓரடி பின்னால் போவார். மூச்சு விடுவதற்குள் அடுத்த நிலையத்துக்கு பிரேக் போட ஆரம்பித்துவிடும். பின்னால் வரும் எக்ஸ்பிரஸிடம் மாட்டாமல் ஓடி ஒதுங்குவதற்கென்றே பிறந்த வண்டி.

ஹன்கியூவின் கதை வேறு. அதன் மூலவர் கொபயாஷி இச்சிசோ என்ற முன்னாள் வங்கி ஊழியர். 1910-இல் அவர் முதல் பாதையைத் திறந்தபோது அந்தப் பக்கம் பெரிய ஊர்களே இல்லை. பயணிகள் இல்லாத இடத்தில் ரயில் விட்டால் என்ன ஆகும்? அவர் பாதையோரம் நிலம் வாங்கி, வீடு கட்டி, மாதத் தவணையில் விற்றார். வீடு வாங்கியவர் தினமும் வேலைக்கு ஓசாகா போகத்தானே வேண்டும்? அது ஒரு திசைக்கு ஆயிற்று. எதிர்த் திசையில் வண்டி காலியாகப் போகாமலிருக்க, மறுமுனையான தகராசுகாவில் வெந்நீர்க் குளியல் விடுதி வைத்தார். அங்கே கட்டிய நீச்சல் குளம் எடுபடவில்லை. அதையே அரங்கமாக்கி 1914-இல் பெண்கள் மட்டுமே நடிக்கும் நாடகக் குழுவை மேடையேற்றினார். அந்தத் தகராசுகா குழு இன்றும் அரங்கு நிறைந்து ஓடுகிறது. 1929-இல் உமேதா நிலையத்தை ஒட்டி ரயில் கம்பெனியே நடத்தும் பல்பொருள் அங்காடி. பொருளாதார மந்தக் காலத்தில் அதன் உணவுக்கூடத்துக்கு வந்தவர்கள் வெறும் சோறு வாங்கி, மேசையில் இருந்த சாஸை ஊற்றிச் சாப்பிட்டார்களாம். சிப்பந்திகள் முகம் சுளிக்க, ‘சோறு மட்டும் கேட்பவர்களும் வரலாம்’ என்று அறிவிப்பு வைக்கச் சொன்னாராம் கொபயாஷி. இன்று வெறும் சோறு தின்பவர் நாளை குடும்பத்தோடு வருவார் என்ற கணக்கு.

அவருடைய கோபே பாதை 1920-இல்தான் வந்தது. கீழே ஹன்ஷினும் அரசு ரயிலும் ஊர்களைப் பிடித்துக்கொண்டதால் இவருக்குக் கிடைத்தது ஆளில்லாத மலையடிவாரம். விளம்பரத்தில் அதையே பெருமையாகச் சொல்லிக்கொண்டார்: ‘அழகான, வேகமான, காலியான, காட்சிகள் அருமையான, குளுகுளு ரயில்.’ வண்டி காலியாக ஓடுகிறது என்று தானே விளம்பரம் கொடுத்த கம்பெனி வேறு இருக்குமா தெரியவில்லை.

அந்த ‘அழகான’ மட்டும் இன்றுவரை பொய்க்கவில்லை. வெளியே பளபளக்கும் அரக்கு நிறம், உள்ளே மரவரி போட்ட சுவர், ஆலிவ் பச்சையில் மெத்தென்ற இருக்கை. விரலால் இருக்கையைத் தடவினால் மென்மயிர் ஒரு பக்கம் சாயும், நிறமும் கொஞ்சம் மாறும். தினசரி அலுவலகம் போகிற வண்டிக்கு இது கொஞ்சம் அதிகம்தான்.

ஹன்ஷின் தன் ஓரத்தில் வீட்டுக்குப் பதில் விளையாட்டை வளர்த்தது. கோஷியென் பேஸ்பால் மைதானம் 1924-இல் அது கட்டியது. நம்முடைய பிரபவ–அட்சய போல அங்கேயும் அறுபது வருடச் சுழற்சி உண்டு; அதன் முதல் வருடத்தின் பெயரே மைதானத்துக்கு. ஹன்ஷின் கம்பெனியின் பேஸ்பால் அணியான ஹன்ஷின் டைகர்ஸுக்கு அதுதான் தாய் மைதானம். ஆட்டம் எப்போது முடியும் என்று யாராலும் சொல்ல முடியாது. அதனால் ரயில்காரர்களும் ஸ்கோரைப் பார்த்துக்கொண்டே இருந்து, முடிகிற நேரத்துக்குச் சிறப்பு வண்டிகளைக் கொண்டுவந்து நிறுத்துகிறார்கள்.

1995 ஜனவரி 17 நிலநடுக்கம் மூன்று பாதைகளையும் உடைத்துப்போட்டது. ஜே.ஆர். ஏப்ரல் 1-ஆம் தேதி முழுதாக ஓடத் தொடங்கியது. ஹன்கியூ ஜூன் 12, ஹன்ஷின் ஜூன் 26. அந்த இரண்டு மாதச் சொச்சத்தில் ஜே.ஆருக்குப் பழகியவர்களில் பலர் பழைய வண்டிக்குத் திரும்பவில்லை. அப்புறம் 2006-இல் யாரும் எதிர்பாராத திருப்பம். முதலீட்டு நிதி ஒன்று ஹன்ஷின் பங்குகளை அள்ள, அதைக் காப்பாற்ற வந்தது பரம எதிரியான ஹன்கியூ. இரண்டும் ஒரே குழுமமாயின. தன் சொந்த பேஸ்பால் அணியை 1988-இல் விற்றுவிட்ட ஹன்கியூவுக்கு, போட்டியாளரின் அணி வீடு தேடி வந்தது. ஆனால் வண்டிகளின் நிறமும் பெயரும் இன்றும் தனித்தனி.

சரி, எதில் ஏறுவது? தாமதமாகிவிட்டது, அல்லது கோபேவைத் தாண்டி மேற்கே ஹிமெஜி வரை போக வேண்டும் என்றால் யோசிக்காமல் ஜே.ஆர். ஓசாகாவின் தெற்குப் பகுதியான நம்பா, அதையும் தாண்டிக் கிழக்கே நாரா பக்கம் என்றால் ஹன்ஷின். 2009-இல் திறந்த நம்பா பாதையால் கோபேயிலிருந்து நாராவுக்கு வண்டி மாறாமலே போகலாம். ஆட்ட நாளில் மட்டும், ஆட்டம் பார்க்கப் போகாதவர்கள் ஹன்ஷினைத் தவிர்ப்பது நல்லது. வீடு பார்ப்பவர் என்றால் ரயிலைப் பார்க்க வேண்டாம், சரிவைப் பாருங்கள்: மேலே வாடகை அதிகம், கீழே நிலையம் பக்கம்.

வேலை எதுவும் இல்லாத நாளில் நான் சொல்வது ஹன்கியூ. உமேதாவில் ஒன்பது தண்டவாளங்கள் வரிசையாக முடியும் அந்தப் பெரிய நிலையத்தில், முதல் பெட்டியில் ஓட்டுநருக்குப் பின்னால் கண்ணாடியோரம் நில்லுங்கள். கோபே, தகராசுகா, கியோத்தோ வண்டிகள் மூன்றும் ஒரே நேரத்தில் கிளம்பும் தருணம் ஒன்று வரும். அரக்கு நிற வண்டிகள் மூன்று, ஒன்றை ஒன்று முந்தியும் பிந்தியும், பக்கத்து வண்டிப் பிள்ளை கையசைப்பது தெரிகிற நெருக்கத்தில் யோதோ ஆற்றைத் தாண்டிப் போகும்.