நடிப்போடு இயக்கமா, படத்தொகுப்பா?

நடித்துக்கொண்டே திரைக்குப் பின்னாலும் வேலை செய்ய விரும்புபவர், தான் நடிக்கும் படத்தைத் தானே இயக்கலாம். அல்லது படப்பிடிப்பில் நடிகராக மட்டும் இருந்துவிட்டு, பிறகு படத்தொகுப்பில் உட்காரலாம். இரண்டு குறும்படங்களில் முதல் வழியில் போய்ப் பார்த்துவிட்டு இரண்டாவதற்கு வந்தவன் நான்; என் சாய்வை ஒளிக்கப்போவதில்லை.

இயக்குநருக்குப் பெயரும் அதிகாரமும், தொகுப்பாளருக்கு இருட்டறையும் முதுகுவலியும் என்பது தெரிந்த கதைதான். என் முடிவைத் தீர்மானித்தது, நடித்த ஷாட்டை எப்போது பார்க்கிறோம் என்ற ஒரே கேள்வி.

நடிகரே இயக்கும்போது, டேக்கை, அதாவது ஒரு ஷாட்டை ஒவ்வொரு முறை எடுப்பதையும், கவனிக்க வேண்டியவர் கேமராவின் சட்டகத்துக்குள் நிற்கிறார். 1960-இல் வெளியான 'தி பெல்பாய்' படத்தை இயக்கி நடித்த அமெரிக்க நகைச்சுவை நடிகர் ஜெர்ரி லூயிஸ், படக்கேமராவோடு வீடியோ கேமராவையும் வைத்துத் தன் நடிப்பை மானிட்டரில் பார்த்தது இதற்காகத்தான். ஆனால் இரண்டு நிமிட டேக்கைத் திரும்பப் பார்க்க இன்னும் இரண்டு நிமிடம் வேண்டும். அதற்குள் வெயில் நகர்ந்துவிடும், எதிரே நடிப்பவரின் வேகமும் தணிந்துவிடும். அதைவிடச் சங்கடமானது, அவர் வசனம் பேசுகையில் நான் கதாபாத்திரமாகக் கேட்காமல் இயக்குநராக எடைபோட்டுக்கொண்டிருந்தது. ஒரு குளோஸ்-அப்பில், அவர் பேசி முடிக்கும் முன்பே, 'சரியாக வந்துவிட்டது' என்பதுபோல என் தலை லேசாக ஆடியிருந்தது. அதை மானிட்டரில் நான் கவனிக்கவே இல்லை.

தொகுப்பில் அந்த அவசரம் இல்லை. சில வாரங்கள் கழித்துப் பார்க்கும்போது, திரையில் இருப்பவர் ஏறக்குறைய வேறொருவராகவே தெரிகிறார். நொடிக்கு 24 பிரேம் ஓடும் படத்தில், மூன்று பிரேம் முன்னதாக வெட்டினாலே ஒரு பார்வையின் பொருள் மாறிவிடுவதை அங்கேதான் கண்டேன். ஒவ்வொரு டேக்கிலும் வசனத்தின் வெவ்வேறு சொல்லில் தம்ளரைக் கீழே வைத்திருந்ததால், என் மிகச் சிறந்த டேக்கை, காட்சி முழுவதையும் தூரத்திலிருந்து காட்டும் வைட் ஷாட்டோடு சேர்க்க முடியாமல் போனது. அதன்பிறகு கைவேலையை எந்தச் சொல்லில் செய்வது என்று ஒத்திகையிலேயே முடிவுசெய்துகொள்கிறேன். வசனம் முடிந்ததும் முகத்தைத் தளர்த்தாமல் ஓரிரு நொடிகள் நிற்கவும் பழகிவிட்டேன். வெட்டுவதற்கு அந்த இடைவெளி தேவைப்படுகிறது.

இதிலும் ஆபத்து உண்டு. தன் முகத்தின் மீது பாசம் வரும் என்பார்கள். எனக்கோ கூச்சம் வந்து, நல்ல ஷாட்டுகளையும் தூக்கிவிட்டேன். ஆகவே என் காட்சிகளுக்கான டேக்கை இப்போது இயக்குநரே தேர்ந்தெடுக்கிறார்.

1914 முதல் தன் படங்களை இயக்கி நடித்த சார்லி சாப்ளினை எடுத்துக்காட்டுபவர்கள், 1918-இலேயே அவருக்குச் சொந்த ஸ்டுடியோ இருந்ததையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். திருப்தி வரும்வரை மறுபடி எடுக்கும் வசதி அவருக்கு இருந்தது. 'இன்னொரு டேக் போகலாம்' என்று முகத்துக்கு நேரே சொல்லக்கூடிய உதவி இயக்குநர் ஒருவர் உடன் இருந்திருந்தால், முதல் வழி எனக்கும் இவ்வளவு கடினமாக இருந்திருக்காதோ என்னவோ. முழுநீளப் படத்தை நான் இயக்கியதில்லை. இவ்வளவும் பதினைந்து நிமிடப் படங்களை வைத்துச் சொன்னதுதான்.