ஒகேனக்கலுக்கு கைடு வேனா, தருமபுரி பஸ்ஸா?

கிருஷ்ணகிரியிலிருந்து ஒகேனக்கலுக்கு ஒரே நாளில் போய்த் திரும்பும் இரண்டு வழியையும் ஐந்து மாத இடைவெளியில் பார்த்துவிட்டேன். ஆடியில் கைடோடு சேர்ந்த பேக்கேஜ் வேன். மார்கழியில் தருமபுரியில் பஸ் மாறி, சொந்தப் பொறுப்பில். இரண்டு தடவையும் கூட வந்தவர்கள் அதே மூன்று பேர்: மனைவி, அத்தை (மனைவியின் அம்மா, வயது அறுபத்து மூன்று), ஒன்பதாவது படிக்கும் அக்கா மகன். நான் எந்தப் பக்கம் என்பதை இப்போதே சொல்லிவிடுகிறேன். பஸ் பக்கம்.

இடத்தைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. தருமபுரியிலிருந்து 46 கிலோமீட்டர், பென்னாகரம் தாண்டியதும் காடு, வளைந்து இறங்கும் மலைப்பாதை, கீழே காவிரி. தேசியப் பூங்கா என்று சில விளம்பரங்களில் போடுகிறார்கள். அப்படி எதுவும் கிடையாது. இந்தப் பக்கத்துக் காடுகளில் 686 சதுர கிலோமீட்டரைச் சேர்த்து 2022 நவம்பரில் அறிவித்தது காவேரி தெற்கு வனவிலங்குச் சரணாலயம். யானை, சாம்பல் அணில், நீர்நாய், முதலை எல்லாம் வாழும் காடு. அருவியோ அந்தக் காட்டின் ஓரத்தில், கடையும் சந்தடியுமாக இருக்கும் ஊர்.

காசுக் கணக்கைச் சீக்கிரம் முடித்துவிடலாம். வேனில் தலைக்கு 1,200 ரூபாய் கொடுத்தோம். காலைச் சிற்றுண்டி, மதியச் சாப்பாடு, கைடு எல்லாம் அதில் அடக்கம். பரிசல் அடக்கமில்லை, அதை அங்கே போய்த் தனியாகக் கொடுக்க வேண்டும் என்று சின்ன எழுத்தில் போட்டிருந்தார்கள். பஸ்ஸில் போனபோது பரிசல், மீன், டீ, பஜ்ஜி, அத்தை வாங்கிய இரண்டு மூங்கில் கூடை எல்லாம் சேர்த்தும் அதில் பாதிக்குக் கொஞ்சம் மேலேதான் ஆனது. பஸ் மலிவு என்பது யாருக்கும் தெரிந்ததுதானே. வெறும் காசுக்காக என்றால் இதை எழுதியிருக்க மாட்டேன்.

கைடைக் குறை சொல்லவும் மாட்டேன். முப்பது வயதுக்குள் இருக்கும் பையன், நன்றாகவே படித்துவிட்டு வந்திருந்தான். கன்னடத்தில் ஹொகே என்றால் புகை, கல் என்றால் பாறை என்று ஆரம்பித்தபோது வேனில் பாதிப் பேர் கொட்டாவி விட்டார்கள். எங்கள் ஊரில் கன்னடம் தெரியாத தெரு எது? ஆனால் அப்புறம் சொன்னவை எனக்குப் புதிது. அருவியைச் சுற்றி கார்பனடைட் என்ற அபூர்வ வகைப் பாறை இருக்கிறது, அதன் வயதை 240 கோடி ஆண்டு என்று கணக்கிட்டிருக்கிறார்கள் என்றான். பென்னாகரம் தாண்டியதும் கூட்டுக் குடிநீர்த் திட்டத்தைப் பற்றிப் பேசினான். நிலத்தடி நீரில் ஃபுளோரைடு மிகுந்து பல்லும் எலும்பும் கெட்டுப்போன நம் இரண்டு மாவட்டத்துக்கும் காவிரித் தண்ணீரைக் கொண்டுவர ஜப்பான் கடனுதவியில் கட்டி 2013-ல் திறந்த திட்டம். எங்கள் வீட்டுக் குழாயில் வருவது அந்தத் தண்ணீர்தான். அத்தை பழுப்பேறிய தன் பல்லை நாக்கால் தடவிக்கொண்டே கேட்டுக்கொண்டிருந்தார். பஸ்ஸில் இதையெல்லாம் சொல்ல ஆள் கிடையாது.

சரி, அப்புறம் ஏன் பஸ்?

தண்ணீருக்காக. மற்ற எல்லாக் காரணத்தையும் நீக்கிவிட்டாலும் இது ஒன்று போதும்.

ஒகேனக்கல் குற்றாலம் மாதிரி இல்லை. மேலே மலையில் பெய்த மழை அப்படியே விழுவதல்ல இங்கே. குடகிலும் வயநாட்டிலும் தென்மேற்குப் பருவமழை பிடித்து, கிருஷ்ணராஜசாகர் (கே.ஆர்.எஸ்.) அணையும் கபினி அணையும் நிரம்பி, இனித் தேக்க இடமில்லை என்று கர்நாடகத்தில் மதகைத் தூக்கினால், ஓரிரண்டு நாளில் அது இங்கே வந்து நிற்கும். நம் தலைக்கு மேல் வானம் பளிச்சென்று இருக்கும். கீழே ஆறு செம்மண் கரைத்த மாதிரி சீறிக்கொண்டு போகும். தமிழ்நாட்டு எல்லையில் பிலிகுண்டுலுவில் மத்திய நீர்வள ஆணையம் இதை அளக்கிறது. கணக்கு கனஅடியில். ஒரு கனஅடி என்றால் நொடிக்குச் சுமார் 28 லிட்டர். கோடையில் சில நூறு, ஆயிரம் என்று மெலிந்து கிடக்கும் ஆறு, 2018 ஆகஸ்டிலும் 2024 ஜூலை கடைசியிலும் லட்சம் கனஅடியைத் தாண்டியது. தண்ணீர் ஏறினால் மாவட்ட நிர்வாகம் முதலில் பரிசலை நிறுத்தும், குளிக்கத் தடை போடும். இன்னும் ஏறினால் மெயின் அருவிக்குப் போகும் நடைபாதையே முங்கிவிடும். தடை போடுவதும் எடுப்பதும் அன்றன்றைய நீர்வரத்தைப் பொறுத்தது.

இப்போது பேக்கேஜைப் பாருங்கள். தேதியை மூன்று வாரத்துக்கு முன்னால் குறித்து, முன்பணம் வாங்கிக்கொள்கிறார்கள். பள்ளி விடுமுறை, ஞாயிறு, ஆடிப்பெருக்கு என்று கூட்டம் சேரும் நாளாகப் பார்த்துத்தான் வேன் எடுப்பார்கள், இல்லாவிட்டால் இருக்கை நிரம்பாது. அதிலும் ஆடி பதினெட்டை ஒட்டிய நாட்கள்தான் கர்நாடக அணைகள் நிரம்பி வழிய வாய்ப்புள்ள நாட்கள். அதாவது வேன் நிச்சயமாகக் கிளம்பும் நாளும் பரிசல் ஓடாமல் போகும் நாளும் அடிக்கடி ஒன்றாகவே இருக்கும். இது அவர்கள் செய்யும் சதி இல்லை, பஞ்சாங்கமும் பருவமழையும் சேர்ந்து செய்வது. ஆனால் பணம் போவது நமக்கு.

எங்களுக்கு அதுதான் நடந்தது. கிளம்புவதற்கு முந்தின நாள் மாலையே தொலைக்காட்சியில் தடைச் செய்தி ஓடியது. ஏற்பாட்டாளருக்குப் போன் செய்தேன். "அங்க போனா விட்ருவாங்க சார், நம்ம ஆளு இருக்கான்" என்றார். தேதியை மாற்ற முடியுமா என்றேன். மாற்றினால் முன்பணம் திரும்ப வராது என்றார். போனோம். வழியில் அதியமான்கோட்டை காலபைரவர் கோயில், அதியமான் கோட்டம் எல்லாம் காட்டினார்கள், குறையில்லை. ஒகேனக்கலில் இறங்கினால் பரிசல் துறையில் கயிறு கட்டி, போலீஸ் நின்றது. பரிசல்கள் எல்லாம் கவிழ்த்து அடுக்கி, மேலே நாய் ஒன்று படுத்திருந்தது. தூரத்தில் நின்று ஆற்றைப் பார்த்தோம். உண்மையைச் சொன்னால் அந்த வெள்ளமும் ஒரு காட்சிதான். சத்தம் நெஞ்சுக்குள் கேட்டது. ஆனால் முக்கால் மணி நேரத்தில் அந்தக் காட்சி தீர்ந்துவிட்டது. வேன் கிளம்ப இன்னும் மூன்று மணி நேரம் இருந்தது. அக்கா மகன் முதலைப் பண்ணையை இரண்டு தடவை சுற்றி வந்தான்.

மார்கழியில் செய்தது வேறு. எந்த நாள் என்றே முடிவு செய்யவில்லை. அரையாண்டு விடுமுறை என்பது மட்டும் தெரியும். தினமும் காலையில் ஒகேனக்கல் நீர்வரத்து என்று வரும் செய்தியைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். ஐந்தாறு நாளாக ஏழாயிரம், எட்டாயிரம் என்று ஒரே மட்டத்தில் நின்றது. தடை இல்லை. செவ்வாய்க்கிழமை காலை ஆறு மணிக்கு அத்தையை எழுப்பி, "இன்னைக்குப் போலாமாங்க அத்தை?" என்றேன். "துண்டு எத்தனை எடுக்கணும்?" என்று கேட்டார். ஏழு மணிக்குக் கிருஷ்ணகிரி பஸ் நிலையம். பத்தரைக்கெல்லாம் ஒகேனக்கல். நீர்வரத்து திடீரென்று ஏறியிருந்தால் நாளை மறுநாள் போயிருப்போம், ஒரு பைசா நஷ்டமில்லை.

தண்ணீருக்கு அடுத்ததாக ஒன்று உண்டு. வேன் பயணத்தில் பரிசல் ஓடாததால் இது அன்று எனக்குத் தெரியவில்லை. பரிசலில் நான்கு பேருக்கு மேல் ஏற்றுவதில்லை. லைஃப் ஜாக்கெட் கட்டாயம். 2015-ல் பரிசல் கவிழ்ந்து உயிர்கள் போன ஊர் இது, இந்தக் கண்டிப்பு வேண்டியதுதான். நாங்கள் நான்கு பேர் ஏறினால் கைடுக்கு எங்கே இடம்? அவன் கரையில்தான் நிற்க வேண்டும். வழிகாட்டி தேவைப்படும் ஒரே இடத்தில் நீங்கள் காசு கொடுத்துக் கூட்டிவந்த வழிகாட்டி இருக்க மாட்டான். அங்கே வழிகாட்டுவது பரிசல்காரர்தான். அவர் வேனில் வந்தாலும் கிடைப்பார், பஸ்ஸில் வந்தாலும் கிடைப்பார்.

எங்களுக்கு வந்தவருக்கு ஐம்பது வயதிருக்கும். பேச்சு குறைவு. ஏறுவதற்கு முன் எங்கள் நான்கு பேரையும் ஒரு பார்வை பார்த்து எடை போட்டார். "பெரியம்மா, நீங்க இப்படி உக்காருங்க. தம்பி, நீ அவங்களுக்கு நேரெதிரா. யாரும் எழுந்திரிக்கக் கூடாது, போட்டோ எடுக்கணும்னா என்கிட்ட குடுங்க." மூங்கில் பத்தையில் பின்னி, அடியில் பிளாஸ்டிக் தாள் போட்டுத் தார் பூசிய பெரிய கூடை, அவ்வளவுதான். தண்ணீர் ஒரு சாண் கீழே ஓடுவது பாதத்தில் தெரிகிறது. துடுப்பைப் பக்கவாட்டில் போடவில்லை. முன்னால் நீட்டி, எட்டுப் போடுவது மாதிரி வளைத்து வளைத்துத் தன் பக்கம் இழுத்தார். இரண்டு பக்கமும் கரும்பாறைச் சுவர் எழும்பிய இடத்தில், "சுத்தட்டுங்களா?" என்று ஒரு தடவைதான் கேட்டார். பதில் வருவதற்குள் சுற்றிவிட்டார். அத்தை முருகனைக் கூப்பிட்டது பாறையில் பட்டுத் திரும்பி வந்தது.

வழியில் மணல்மேட்டில் எங்களை இறக்கிவிட்டு, பரிசலைத் தூக்கித் தலையில் கவிழ்த்துக்கொண்டு நடந்தார். பின்னாலிருந்து பார்த்தால் இரண்டு கால் முளைத்த ஆமை. அங்கேதான் எதிர்க்கரையைக் கையால் காட்டினார். மூன்று தலைகள் தண்ணீரில் முங்கி முங்கி எழுந்தன. அக்கா மகன் முதலை என்றான். "நீர்நாய் தம்பி. மீனு அதுக்குப் போக மிச்சந்தான் எங்களுக்கு" என்றார். கைடு வேனில் சொன்ன 240 கோடி ஆண்டை நான் மறந்தாலும் மறப்பேன்.

சாப்பாட்டிலும் பஸ் பக்கமே நிற்கிறேன், இது நாக்கு விஷயம் என்றாலும். பேக்கேஜில் ஏற்கெனவே சொல்லிவைத்த ஓட்டலில் அளவுச் சாப்பாடு, ஆளுக்கு ஒரு துண்டு மீன். சொந்தமாகப் போனால் கட்லாவோ ரோகுவோ கெளுத்தியோ நாமே பார்த்து வாங்கி, அங்கே சமைத்துத் தரும் பெண்களிடம் கொடுத்துவிட்டுக் குளிக்கப் போகலாம். காரம் குறைக்கச் சொல்லலாம், தலையைக் குழம்பில் போடச் சொல்லலாம். எங்களுக்குச் சமைத்த அக்கா மிளகாய்த்தூளை அளக்காமல் கையால் அள்ளிப் போட்டதைப் பார்த்து அத்தை பதறினார். சாப்பிட்டபோது பேசவில்லை.

வேன் ஜெயிக்கும் இடங்களும் உண்டு. திரும்பி வரும்போது அது சொர்க்கம். ஈரத் துணி மூட்டையோடு, எண்ணெய் மசாஜ் பிசுக்கு முழுதாகப் போகாத உடம்போடு, தருமபுரி வரை ஒன்றரை மணி நேரம், அதில் பாதி தூரம் நான் நின்றுகொண்டே வந்தேன். அத்தைக்கு உட்கார இடம் கிடைத்தது ஒரு கல்லூரிப் பெண் எழுந்துகொண்டதால். முட்டிவலி உள்ளவர்களுக்கு இரண்டு பஸ் மாறுவது சிரமம்தான். சென்னையிலிருந்தோ வெளிமாநிலத்திலிருந்தோ வந்து, ஒரே ஒரு நாள் கையில் வைத்திருப்பவர்களுக்கு நான் சொல்லும் காத்திருக்கும் வித்தையே பலிக்காது. அவர்களுக்கு எப்படியும் தேதி குறித்தாகிவிட்டது, வேனே மேல். கைக்குழந்தையோடு நான் போனதில்லை, அதனால் அதில் கருத்துச் சொல்லத் தயங்குகிறேன். ஓசூர்க்காரர்கள் அஞ்செட்டி, நாட்றாம்பாளையம் வழியாகக் காட்டுப்பாதையில் பைக்கில் வருவதையும் நான் முயன்றதில்லை. சொந்தக் கார் இருந்தால் இந்தக் கேள்வியே இல்லை, வண்டியை எடுத்துக்கொண்டு போங்கள். இருட்டுவதற்குள் பென்னாகரம் ஏறிவிடுங்கள், யானை ரோட்டைக் கடக்கும்.

வேன்தான் என்று முடிவு செய்தால் ஆடியைத் தவிர்த்து, கார்த்திகைக்கு மேல் போடும் பேக்கேஜாகப் பாருங்கள். பரிசலுக்குத் தடை வந்தால் தேதி மாற்றித் தருவார்களா என்று முன்பணம் கொடுப்பதற்கு முன்னால் கேளுங்கள், வாட்ஸ்அப்பில் எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். நான் வாய்வார்த்தையை நம்பினேன்.

எதிர்வீட்டுக்காரர் இந்த வருஷ ஆடிப்பெருக்குக்கு ஆறு இருக்கை போட்டுவிட்டாராம். நேற்று கேட்டைத் திறந்துகொண்டு வந்து, பரிசலில் எந்தப் பக்கம் உட்கார்ந்தால் நல்லது என்று கேட்டார். கே.ஆர்.எஸ். எவ்வளவு நிரம்பியிருக்கிறது என்று பார்த்தீர்களா என்றேன். அதற்கும் பரிசலுக்கும் என்ன சம்பந்தம் என்றார்.