வெள்ளவத்தை விஎஃப்எக்ஸ் சுப்பர்வைசர் வகுப்பு: காசு கட்டிச் சேரலாமா?

விளம்பரத்தில் "நீங்களும் விஎஃப்எக்ஸ் சுப்பர்வைசர் ஆகலாம்" என்று போட்டிருக்கிறார்கள். அதை முதலில் மறந்துவிடுங்கள். எடுத்த படத்தில் பிறகு கணினியில் சேர்க்கிற, அழிக்கிற வேலைதான் விஎஃப்எக்ஸ், அதை முழுதாகப் பொறுப்பெடுத்து நடத்துபவர் சுப்பர்வைசர். சனிக்கிழமை வகுப்புக்குச் சில மாதம் போய் யாரும் சுப்பர்வைசர் ஆவதில்லை. அந்த இடத்துக்கு வந்தவர்களில் அநேகமானோர் ரொட்டோ (உருவத்தை ஓரம் பார்த்துப் பிரித்தெடுப்பது), பெயின்ட் (வேண்டாததைத் துடைப்பது), கொம்போசிட்டிங் (தனித்தனிப் படங்களை ஒன்றாகச் சேர்ப்பது) என்று கீழேயிருந்து வருடக்கணக்கில் வேலை செய்து, ஒரு சீக்குவன்சை, அதாவது தொடர்ந்து வரும் ஒரு காட்சித் தொகுதியை, தனியாகப் பொறுப்பெடுத்து, பிறகுதான் முழுப் படத்துக்குப் போனவர்கள். அப்படியிருந்தும் சேரச் சொல்லித்தான் எழுதுகிறேன், ஏனென்றால் இந்த வேலையில் கணினிக்கு வெளியே நடக்கும் பாதியைக் கொழும்பில் தமிழில் சொல்லித்தரும் வேறு இடம் எனக்குக் கிடைக்கவில்லை.

படிப்பிக்கிற சேர் சென்னை ஸ்டூடியோக்களில் கொம்போசிட்டராக இருந்துவிட்டு வந்தவர். முதல் சில வாரம் சொஃப்ட்வெயார் பக்கமே போகவிடமாட்டார். எங்களுக்குத் தந்த பயிற்சியைச் சொன்னால் ஆளின் போக்கு விளங்கும். கதை 1980களின் கொழும்பில் நடக்கிறது, காட்சி பேரே வாவிக்கரையில், பின்னால் அந்தக் காலத்தில் இல்லாத தாமரைக் கோபுரம் நிற்கிறது. அதைப் படத்திலிருந்து அழிக்க வேண்டும். லப்டொப்பைத் திறக்கவிடாமல், அந்தக் கோபுரம் படத்தில் எதையெல்லாம் தொடுகிறது என்று சொல்லச் சொன்னார். வானத்தோடு சேரும் விளிம்பு, தண்ணீரில் விழும் நிழலுரு, முன்னால் பறக்கும் காகம், குறுக்கே போகும் வயர், நடிகையின் காற்றில் அசையும் முடி, இரவுக் காட்சி என்றால் கோபுர வெளிச்சம் பட்டுத் தெரியும் இடமெல்லாம். ஒவ்வொன்றுக்கும் யார் தேவை, எத்தனை நாள் பிடிக்கும் என்று கணக்குப் போடவைத்தார். எல்லாம் எழுதி முடிந்த பிறகுதான் கேட்டார், "கமராவை நாலு அடி இடப்பக்கம் தள்ளினால் கோபுரம் அந்த மரத்துக்குப் பின்னால் போய்விடாதா?" என்று.

இதைப் படப்பிடிப்புத் தளத்தில் இயக்குநரிடமும் ஒளிப்பதிவாளரிடமும் நேரத்துக்குக் கேட்பதற்குத்தான் சுப்பர்வைசருக்குச் சம்பளம், அங்கே கேட்காமல் விட்டால் பிறகு ஒரு குழுவே உட்கார்ந்து சட்டகம் சட்டகமாகத் துடைக்க வேண்டும். ஒரு செக்கனுக்கு 24 சட்டகம், ஐந்து செக்கன் ஷொட் என்றாலே 120!

இதோடு அவர் சொன்ன கண்டிக் கதையும் பிடித்தது. 'இந்தியானா ஜோன்ஸ் அன்ட் த டெம்பிள் ஒஃப் டூம்' படத்தின் தொங்குபாலக் காட்சிக்குக் கண்டிக்குப் பக்கத்தில் உண்மையாகவே பாலம் கட்டி, பல கமராக்களை வைத்து அறுத்து விழுத்தினார்கள். 1984 இல் வந்த அந்தப் படத்துக்கு விஷுவல் எஃபெக்ட்ஸ் ஒஸ்கார் கிடைத்தது, வாங்கியவர்களில் டெனிஸ் முரென் ஒருவர். எதை உண்மையில் செய்வது, எதைப் பிறகு செய்வது என்று முதலே தீர்மானிப்பது எவ்வளவு பெரிய வேலை என்று எனக்கு அன்றைக்குத்தான் உறைத்தது.

காலிமுகத்திடலில் வைத்த வெளிக்கள வகுப்புதான் எல்லாவற்றிலும் சிறந்தது. கண்ணாடி மாதிரி மினுங்கும் குரோம் பந்தையும் சாம்பல் பந்தையும் கமராவுக்கு முன் பிடித்துப் படம் எடுக்க வேண்டும். குரோம் பந்தில் வெளிச்சம் எங்கிருந்தெல்லாம் வருகிறது என்று தெரியும், சாம்பல் பந்தில் அது எப்படி விழுகிறது என்று தெரியும், பிறகு கணினியில் வைக்கும் பொருளுக்கு அதே வெயிலைப் போட இவை இரண்டும் வேண்டும். லென்ஸ், கமராவின் உயரம், சாய்வு, தூரம் எல்லாம் குறிக்க வேண்டும், நிறங்களைப் பிறகு சரிபார்க்க நிறஅட்டை பிடிக்க வேண்டும், ஆட்கள் இல்லாத வெறும் காட்சியையும் தனியாக எடுக்க வேண்டும். நிஜப் படப்பிடிப்பில் இதற்கெல்லாம் ஒரு நிமிடம் கிடைத்தாலே பெரிது என்பதால் சேர் பக்கத்தில் நின்று அவசரப்படுத்திக்கொண்டே இருந்தார். அது நல்ல பழக்கம்.

குறைகளும் உண்டு. வகுப்புக் கணினிகள் பழையவை, கொஞ்சம் கனமான ஷொட் என்றால் இழுத்துக்கொண்டு நிற்கும், சொந்த லப்டொப் கொண்டுபோங்கள். கொம்போசிட்டிங் சொஃப்ட்வெயாரான நியூக்கின் வர்த்தகமற்ற பதிப்பு இலவசம், 1920க்கு 1080 அளவுக்குமேல் வெளியே எடுக்க விடாது, படிக்க அது போதும். எடிட்டிங் சொஃப்ட்வெயாரான டாவின்சி ரிசோல்வின் இலவசப் பதிப்பிலேயே கொம்போசிட்டிங்குக்கான ஃபியூஷன் இருக்கிறது, 3டி வேலைக்கான பிளெண்டருக்கும் காசில்லை.

எனக்கு உண்மையில் கோபம் வந்தது காசு பற்றிய பாடத்தில்தான். ஒரே ஒரு மாலை, அதுவும் அவசரமாக! இந்தத் துறையில் ஸ்டூடியோக்கள் பெரும்பாலும் முன்கூட்டிப் பேசிய தொகைக்கு வேலை எடுக்கின்றன, இயக்குநர் மனம் மாறித் திருப்பித் திருப்பிச் செய்யச் சொன்னால் நட்டம் ஸ்டூடியோவின் தலையில் விழும். 'லைஃப் ஒஃப் பை' படத்துக்குப் புலியைச் செய்த ரிதம் அன்ட் ஹியூஸ் 2013 பெப்ரவரியில் வங்குரோத்து மனு போட்டது, அதே மாதம் அந்தப் படத்துக்கு விஷுவல் எஃபெக்ட்ஸ் ஒஸ்கார் கிடைத்தது, சுப்பர்வைசர் பில் வெஸ்டன்ஹோஃபர் மேடையில் நிறுவனத்தின் நிலையைச் சொல்லத் தொடங்கியபோது ஒலிவாங்கியை நிறுத்திவிட்டார்கள். 2025 பெப்ரவரியில், பல விஎஃப்எக்ஸ் ஸ்டூடியோக்களை வைத்திருந்த டெக்னிகலர் நிறுவனம் சரிந்தபோது பெங்களூரிலும் ஏராளமானோர் வேலை இழந்தார்கள். வீட்டில் காசு கேட்டு வாங்கி இந்தத் தொழிலுக்கு வரும் பிள்ளைகளுக்கு இது முதல் வகுப்பிலேயே விளக்கமாகத் தெரியவேண்டாமா? சேரிடம் நேரே சொன்னேன், அடுத்த பிரிவில் கூட்டுவதாகச் சொன்னார்.

இடம் காலி வீதியிலிருந்து கடற்கரைப் பக்கம் இறங்கும் ஒழுங்கையில், 100, 101 பஸ் எதிலும் வரலாம். கட்டணத்தை இரண்டு தவணையாக வாங்குகிறார்கள். சிலைடுகள் ஆங்கிலத்தில், விளக்கம் முழுக்கத் தமிழில். ஏற்கெனவே எடிட்டிங்கோ கல்யாண வீடியோவோ செய்கிறவர்களுக்கு நன்றாகப் பிடிபடும். கமராவையே தொடாதவர்கள் முதலில் யாரோடாவது ஒரு படப்பிடிப்புக்குப் போய் நின்று பார்த்துவிட்டு வாருங்கள். காசு கட்டுமுன் வெளிக்கள வகுப்பு எத்தனை என்று கேளுங்கள், அதைக் குறைத்திருந்தால் சேர வேண்டாம்.